பன்னிரண்டாம் பக்கத்துத் தண்ணீர்

முகம்மது தம்பிக் காக்கா சொல்லும் இந்தக் கதையை ஊர்ப் பள்ளிக்கூட றஊப் மாஸ்டர் ஒன்பது வருடமாக நம்பவில்லை. காக்கா பொய் சொல்கிறவர் அல்ல. நிந்தவூரில் இரண்டு ஏக்கர் வேளாண்மை செய்கிறவர். ஆனால் மதகுத் திறப்பு வைபவத்தன்று வாய்க்காலில் தண்ணீரே இல்லை என்கிறார். அந்தத் தண்ணீரை மாஸ்டர் தன் கண்ணாலேயே கண்டிருக்கிறார், சஞ்சிகையில்.

சஞ்சிகையின் பெயர் 'கரையோரச் சுடர்'. பிரதம ஆசிரியர் கல்முனை ஸஹீத். கலியாண வீடுகளில் படம் பிடித்துத் திரிந்தவர். முதல் இதழின் அட்டைக்கு ஆள் கிடைக்காமல் ஒரு சூரை மீனைப் போட்டார். இரண்டாம் இதழில் ஓர் அதிகாரியைப் போட்டார். அடுத்த மாதமே அதிகாரிக்குப் பதவி உயர்வு வந்தது.

அன்றிலிருந்து காரியாலயங்கள் சுடரின் அச்சுத் திகதியைப் பார்த்தே இயங்கின. இதழ் அச்சுக்குப் போகும் இருபதாம் திகதிக்குப் பிறகு எந்தப் பாலமும் திறக்கப்படவில்லை. ஸஹீத் மக்காவுக்கு உம்றா போயிருந்த காரணத்தால் கட்டி முடித்த பொதுக் கழிப்பறையொன்று மூன்று கிழமை பூட்டியே கிடந்தது. சந்தைக்கு வந்த சனம் பொறுமை காத்தது.

அந்தக் கோடைச் சிறுபோகத்தில் காக்காவின் நெல் வேளாண்மை கதிர் தள்ளுவதற்கு முந்திய குடலைப் பருவத்தில் நின்றது. பத்து நாளைக்குள் தண்ணீர் வராவிட்டால் எல்லாம் பதர். வாய்க்கால் மதகைத் திறக்க நீர்ப்பாசனப் பொறியியலாளர் ஆயத்தம்தான், ஆனால் ஸஹீத் வரவேண்டும். ஐந்தாம் நாள் வந்தார். படத்துக்கு எடுப்பாக இருக்கட்டுமென்று மதகின் சக்கரத்துக்கு அன்று காலைதான் பச்சைப் பெயின்ட் அடித்திருந்தார்கள். தொட்டால் பொறியியலாளரின் வெள்ளைச் சேட்டில் ஒட்டும்.

"மகிழ்ச்சிய முதல்ல எடுப்பம்," என்றார் ஸஹீத். "தண்ணிய கொம்பியூட்டரில விடலாம். காக்கா, முன்னுக்கு வந்து கொஞ்சம் சிரிங்க."

"பயிர் மஞ்சளாகுது தம்பி. என்னெண்டு சிரிக்கிற?"

"அதையும் பச்சையாக்கித் தாறன். சிரிங்க."

காக்கா சிரித்தார். மதகுச் சக்கரத்தை ஒருவரும் தொடவில்லை.

அதற்கு மூன்றாம் நாள் சுடர் வெளிவந்தது. பன்னிரண்டாம் பக்கத்தில் வாய்க்கால் கரைபுரண்டது. 'பொங்கிய வாய்க்கால், பொங்கிய உள்ளங்கள்' என்று கீழே எழுதியிருந்தது. பொறியியலாளர் அந்தப் பக்கத்தைக் கோப்பில் சேர்த்து, கருமம் நிறைவுற்றது என்று ஒப்பமிட்டார்.

காக்கா காரியாலயத்துக்கு ஓடினார். பொறியியலாளர் மரியாதையாகக் கதிரை கொடுத்துக் கோப்பை விரித்தார்.

"தண்ணி விட்டாச்சே. இது ஆரு?"

"நான்தான் சேர்."

"சிரிக்கிறீங்களா, இல்லையா?"

"சிரிக்கிறன்தான் சேர்."

"தண்ணி வராம ஒரு விவசாயி இப்பிடிச் சிரிப்பாரா?"

திறந்த மதகை இன்னொருமுறை திறக்கச் சுற்றுநிருபத்தில் இடமில்லை என்று பொறியியலாளர் வருத்தத்துடன் விளக்கினார். முதலில் அதை மூடவேண்டும். மூடுவதற்கும் ஒரு வைபவம் வேண்டும். அதற்கு அடுத்த மாத இதழில்தான் இடமிருக்கிறது.

இந்த இடத்தில் கேட்பவர்கள் சிரிப்பார்கள். காக்காவும் சிரிப்பார். பிறகு, லெமினேட் செய்த அந்தப் பக்கத்தைப் பைக்குள்ளிருந்து எடுப்பார். அது கைமாறிக் கைமாறிப் போகும். எந்த மாத இதழ் என்று ஒருவர் கேட்பார். படத்தில் காக்காவுக்குப் பத்து வயது குறைவு என்பார் இன்னொருவர். மாஸ்டரும் ஒருமுறை அச்சு நல்ல தெளிவு என்று பாராட்டியிருக்கிறார். ஸஹீத் அந்தப் படத்துக்காகவே கொழும்பில் பொன்னாடை போர்த்தப்பட்டார்.

போன வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து தேத்தண்ணிக் கடையில் காக்கா மறுபடியும் இதைச் சொல்லி முடித்தார். மாஸ்டர் பக்கத்தை வாங்கி நெடுநேரம் பார்த்தார். வாய்க்கால் தெரிந்தது, பொறியியலாளர் தெரிந்தார், பச்சைச் சக்கரம் தெரிந்தது. தேத்தண்ணி ஆறிவிட்டது.

"காக்கா," என்றார், "கடைசில அந்த வேளாண்மைக்கு என்ன நடந்த?"