நூறு சதவீத வருகை

தில்லியின் மேற்கு ஓரத்தில், மெட்ரோ இன்னும் எட்டிப் பார்க்காத ரத்தன்கேடா கிராமத்தில் ஒரு பள்ளிக்கூடம் இருந்தது. வயது நூற்று மூன்று. மழை வந்தால் உள்ளே இருப்பவர்களைவிட வெளியே நிற்பவர்கள் கொஞ்சம் குறைவாக நனைவார்கள்.

பழங்கட்டடப் பாதுகாப்பு இயக்ககத்தில் பிரிவு அலுவலரான மகாதேவன் நல்ல மனுஷர். ஜனக்புரியிலிருந்து பஸ் பிடித்துப் போய் நேரில் பார்த்தார். தலைமையாசிரியை கமலேஷ் தேவி கேட்டது ஒன்றே ஒன்றுதான்.

"சார்ஜி, கூரையை மட்டும் சரி பண்ணிக் கொடுங்க. அறுபது குழந்தைங்க."

கூரை வேறு துறையின் விவகாரம். ஆனால் கட்டடத்தைப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்துவிட்டால் தம் துறையே கூரை போடலாமே என்று மகாதேவனுக்குத் தோன்றியது. நாலு மாதம் அலைந்தார். பழைய வருகைப் பதிவேடுகளைக் கரையானிடமிருந்து பிடுங்கினார். அறிவிப்பு வந்தது. கமலேஷ் தேவி லட்டு கொடுத்தார்.

மறுவாரம் மகாதேவன் கூரைக் கோப்போடு இணை இயக்குநர் ராமசுப்ரமணியனின் அறைக்குள் போனார்.

"கூரையா? மகாதேவன், இப்ப அது சின்னம். ஓர் ஆணி அடிக்க முடியாது."

"ஒழுகறது சார்."

"எத்தனை வருஷமா?"

"நாப்பது வருஷமாம்."

"அச்சா! அப்ப ஒழுகலும் சின்னத்தோட சேர்ந்ததுதான். நிபுணர் குழு பாக்காம அதை நிறுத்தப்படாது."

நிபுணர் குழு வந்தது. ஒழுகலை மூன்று கோணங்களில் படம் எடுத்தது. கட்டடத்துக்குப் பெருஞ்சேதம் மழையால் அல்ல, மாணவர்களால்; நாளொன்றுக்கு நூற்றிருபது கால்கள் தரையைத் தேய்க்கின்றன என்று அறிக்கை தந்தது. எனவே பொதுநலன் கருதி மாணவர்கள் எதிரே இருந்த தகரக் கொட்டகைக்குத் தற்காலிகமாக, அதாவது மறு உத்தரவு வரும்வரை, மாற்றப்பட்டார்கள்.

மகாதேவன் சர்வீஸில் முதல்முறையாகக் குரலை உயர்த்தினார். "சார், பள்ளிக்கூடத்தைக் காப்பாத்தத்தானே இத்தனையும்?"

"காப்பாத்தியாச்சே!" என்றார் ராமசுப்ரமணியன்.

மகாதேவன் ஆட்சேபக் குறிப்பு எழுதினார். அதுவும் கோப்பில் பத்திரமாகப் பாதுகாக்கப்பட்டது.

அந்தச் சமயம் தில்லியில், பழைய கட்டடங்களைக் கூட்டமாக நடந்து பார்க்கும் 'பாரம்பரிய நடை' பிரபலமாகியிருந்தது. குருகிராமிலிருந்து சனிக்கிழமைதோறும் வசதியானவர்கள் கைத்தறியும் கூலிங்கிளாஸுமாக வந்து இறங்கினார்கள். சுவரைத் தொட்டுப் பெருமூச்சு விட்டார்கள். ஆனால் ஒரு குறை சொன்னார்கள்: "வகுப்புல உயிரே இல்லையே."

இயக்ககம் உடனடி நடவடிக்கை எடுத்தது. ஃபைபரில் அறுபது மாணவர்களைச் செய்து பெஞ்சுகளில் உட்கார வைத்தது. தேய்மானம் இல்லை; வருகை நூறு சதவீதம். நனைந்தால் அவர்களுக்குச் சாயம் போகும் என்று தெரியவந்ததும் நிபுணர் குழு மூன்றே நாளில் அனுமதி தந்தது. ஒரே வாரத்தில் கூரை சரியானது.

கமலேஷ் தேவி ஓடிவந்தார். "கூரை ஆச்சா சார்ஜி? குழந்தைங்களைக் கூட்டிட்டு வரட்டுமா?"

மகாதேவன் தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்: "இடமில்ல மேடம். எல்லா பெஞ்சுலயும் ஆள் இருக்கு."

அந்த ஆண்டின் சிறந்த பாதுகாப்பு விருது அவருக்குத்தான் கிடைத்தது.

குளிர்காலத்தில் அவர் மகள் ஷ்ரேயாவின் பள்ளியிலிருந்து, அந்தக் காலத்தில் பிள்ளைகள் எப்படிப் படித்தார்கள் என்று காட்ட மாணவர்களை அழைத்து வந்தார்கள். சில பெற்றோரும் வந்தார்கள். விளக்கம் சொன்னது மகாதேவன். எதிரே கொட்டகையிலிருந்து பதினேழாம் வாய்ப்பாடு கேட்டது.

"அப்பா, அங்க யாரு?"

"அதுவும் ஸ்கூல்தான்மா."

"நெஜ பசங்களா? அதைப் போய்ப் பாக்கலாமா?"

இருபத்தாறு வருஷ ஆபீஸ் பழக்கத்தில் பதில் தானாக வந்தது. "வேண்டாம்மா. அதுக்கு இன்னும் நூறு வயசாகல."

நியாயம்தான் என்று பெற்றோர் எல்லோரும் தலையாட்டினார்கள். பிறகு முதல் பெஞ்சில், கேள்வி கேட்பதுபோல் கை தூக்கியிருந்த ஃபைபர் பையனோடு படம் எடுத்துக்கொள்ள வரிசையில் நின்றார்கள்.