கமலா பெயரும் கெளுத்தி முள்ளும்

மனிதனுக்கு வரக்கூடாத வியாதிகள் பல உண்டு. அதில் மருந்தே இல்லாதது, ‘நானும் ஒரு கலைஞன்’ என்ற நினைப்பு. பரமக்குடியில் பதினைந்து வருடமாகக் கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டிருந்த எனக்கு அது நாற்பதாவது வயதில் வந்தது. (மாப்பிள்ளைகளைச் சிரிக்கச் சொல்லிச் சொல்லியே வந்திருக்கலாம்.)

போர்க்கால நர்சுகளைப் பற்றிப் படம் எடுத்தால் விருது நிச்சயம் என்று முடிவு செய்து, பாம்பனில் லூர்தம்மாள் சிஸ்டரைப் பிடித்தேன். எழுபத்தொன்றாம் வருடப் போரில் ராணுவ ஆஸ்பத்திரியில் நர்சாக இருந்தவர். அவர் கேட்டது ஒன்றே ஒன்றுதான்.

“என்னய விடு தம்பி. என்கூட கமலான்னு ஒருத்தி இருந்தா. அங்கயே காய்ச்சல்ல போய்ச் சேந்துட்டா. பிள்ளை குட்டி இல்ல, ஒரு போட்டோகூட இல்ல. அவ பேரு படத்துல வரணும்.”

வாக்குக் கொடுத்தேன். அந்த விஷயத்தில் நான் என்றுமே கஞ்சத்தனம் காட்டியதில்லை.

மதுரையில் வாடகைக்கு எடுத்த புதுக் கேமராவோடு போய், கடற்கரையில் நாற்காலி போட்டு அவரை உட்கார வைத்தேன். ரிஃப்ளெக்டர் பிடிக்க என் மனைவி சாந்தி. அழுகைக்குக் கிளிசரின்.

“இது எதுக்கு?”

“கண்ணுல தண்ணி வரணும் சிஸ்டர்.”

“அழுதுக்கிட்டு இருந்தா ஊசிய யாரு போடுறது?” என்று பாட்டிலைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்.

‘ஆக்‌ஷன்’ சொல்லிப் பொத்தானை அழுத்தினேன்.

“தம்பி, அங்கன செவப்பு லைட்டு எரிஞ்சுச்சு. இப்ப அணைஞ்சிருச்சே.”

“அதெல்லாம் நாங்க பாத்துக்கிருவோம். நீங்க போரைப் பத்தி மட்டும் பேசுங்க,” என்றேன். (மேதை.)

நாற்பது நிமிடம் பேசினார். கமலாவைப் பற்றிச் சொல்லும்போது இரண்டு முறை நிறுத்திக் கடலைப் பார்த்தார். சாந்தியே கண்ணைத் துடைத்துக்கொண்டாள். நானோ பின்னணிக்கு வயலினா புல்லாங்குழலா என்று யோசித்துக்கொண்டிருந்தேன். ‘கட்’ சொல்லிப் பொத்தானை அழுத்திவிட்டு, பெரிய இயக்குநர் தோரணையில் விரல்களால் சட்டம் கட்டிப் பார்த்தபடி வெறுங்காலோடு பின்னால் நடந்தேன். யாரோ வலையிலிருந்து உதறிப் போட்டிருந்த கெளுத்தி மீனின் முள் உள்ளங்காலில் முழுசாக ஏறியது.

என் சத்தம் ராமேஸ்வரம் வரை கேட்டிருக்கும். சிஸ்டர் என்னைத் தன் நாற்காலியிலேயே உட்கார வைத்து முள்ளைப் பிடுங்கினார். சாந்தி ஓடிப்போய் டீக்கடையிலிருந்து சுடுதண்ணீர் வாங்கி வந்தாள். அதில் காலை அமுக்கிப் பிடித்தபடி சிஸ்டர் சொன்னார்:

“ஏலே, கத்தாத. காலே போயி வந்த பயலுகளே தண்ணிதான் கேட்டானுக. கமலா இருந்தா உனக்கு ஒரு அறை விழுந்திருக்கும். கமலா கை பட்டா எந்தப் பயலும் கத்த மாட்டான்.”

நான் கத்தினேன்.

வீட்டுக்கு வந்து போட்டுப் பார்த்தபோதுதான் விஷயம் புரிந்தது. ஸ்டாண்டில் மாட்டும்போதே பொத்தான் ஒரு முறை அமுங்கியிருக்கிறது. ஆகவே ‘ஆக்‌ஷன்’ கேமராவை நிறுத்தியது. ‘கட்’ அதை ஓடவிட்டது. அந்த நாற்பது நிமிடத்தில் ஒரு நொடிகூட இல்லை. நான் அழுத பதினோரு நிமிடம் மட்டும் அருமையான வெளிச்சத்தில் பதிவாகியிருந்தது.

மறுநாளே போய்க் காலில் விழாத குறையாகக் கேட்டேன்.

“ஒருக்க சொன்னதே பெருசு தம்பி. இன்னொருக்க என்னால ஏலாது.”

அவர் கோபப்படவில்லை. எனக்குத்தான் முகத்தை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியவில்லை.

கமலா என்ற பெயர் என் ஓலத்துக்கு நடுவில்தான் இருந்தது. ஓலத்தை வெட்டினால் பெயரும் போய்விடும். வெட்டவில்லை. சர்ச் மண்டபத்தில் போட்டுக் காட்டியபோது ஊரே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. (விருதா? கேட்காதீர்கள்.) முன்வரிசையில் இருந்த சிஸ்டர் மட்டும் சிரிக்கவில்லை. முடிந்ததும் எழுந்து வந்தார்.

“அவ பேரு ரெண்டு தடவ வந்துச்சு. நீ கொஞ்சம் மெதுவா கத்தியிருந்தா இன்னும் நல்லாக் கேட்டிருக்கும்.”

இப்போதும் தலைவலி என்று நான் முனகினால் போதும், சாந்தி அடுப்படியிலிருந்தே கேட்பாள்: “கமலாவக் கூப்பிடவா?”

உடனே வாயை மூடிக்கொள்வேன்.