ஃப்ளஷ் வேகம் போதவில்லை

"இன்னும் போதலையே," என்றார் தலைமைக் குமாஸ்தா.

பிளம்பர் கையில் ஸ்குரு டிரைவரோடு கழிப்பறை வாசலில் நின்றான். இரண்டாம் மாடி ஆண்கள் கழிப்பறையில் ஃப்ளஷ் வேகம் போதவில்லை என்று பதினோரு பேர் புகார்ப் புத்தகத்தில் வரிசையாக எழுதியிருந்தார்கள். போன மாதம் தண்ணீரை மிச்சம் பிடிக்கிறேன் என்று மேலாளர் அதைக் குறைக்கச் சொன்னதிலிருந்து இந்தப் பாடு.

பிளம்பருக்குத் தற்காலிக வேலை. இன்றோடு ஆறு மாதம் முடிகிறது. சாயங்காலத்துக்குள் அந்தப் புகார்ப் பக்கத்தில் 'சரியாகிவிட்டது' என்று மேலாளரும் தலைமைக் குமாஸ்தாவும் கையெழுத்துப் போட்டால் வேலை நிரந்தரம். இல்லாவிட்டால் வீட்டில் மனைவிக்குப் பதில் சொல்ல வேண்டும். அதற்கு ஃப்ளஷோடு மல்லுக்கட்டுவதே மேல் என்று நினைத்தான்.

சுவரிலிருந்து வரும் குழாயில் ஒரு சின்ன மூடி, அதற்குள் ஒரு திருகு. இடப்பக்கம் திருப்பினால் தண்ணீர் கூடும், வலப்பக்கம் திருப்பினால் குறையும். கால் சுற்று கூட்டினான். காகிதத்தைக் கசக்கிப் போட்டுக் கைப்பிடியை அழுத்தினான். காகிதம் போன இடம் தெரியவில்லை.

"பாருங்க சார், சுத்தமா போயிடுச்சு."

தலைமைக் குமாஸ்தா உள்ளே எட்டிக்கூடப் பார்க்கவில்லை. நடைவழியில் நின்று, பக்கத்துக் கூட்ட அறையின் பக்கமாகத் தலையைச் சாய்த்துக்கொண்டிருந்தார். "பத்தாதுப்பா, நல்லா கூட்டு," என்று சொல்லிவிட்டு அந்த அறைக்குள் போய்விட்டார். அங்கே மேலாளர் காலை பத்து மணியிலிருந்து பேசிக்கொண்டிருந்தார்.

அரைச் சுற்று கூட்டினான். தண்ணீர் கழிப்பறைக் கோப்பையைத் தாண்டித் தெறித்து அவனை முழங்கால்வரை நனைத்தது. குழாய் எருமை மாதிரி கத்தியது. சுவருக்கு அந்தப்புறம் பேச்சு நின்றது. மேலாளரே எழுந்து வந்தார்.

"என்னய்யா இது? முக்கியமான இடத்துல இருந்தேன், விட்ட இடமே மறந்துபோச்சு. கொற."

குறைத்தான். ஐந்து நிமிடத்தில் விற்பனைப் பிரிவுக்காரர் வந்தார். கைப்பிடியை அழுத்தினார், கையைக்கூட நனைக்காமல் வெளியே வந்தார்.

"முன்னையவிட மோசமா இருக்கே," என்றார்.

அவர் பின்னாலேயே தட்டச்சர். அவருக்குப் பின்னால் இன்னொருவர். ஆளுக்குப் பத்து நொடி. இத்தனை பேருக்கும் ஒரே நாளில் என்ன உபாதையோ என்று பிளம்பருக்கு இரக்கமாகக்கூட இருந்தது.

கூட்டினால் மேலாளர் வந்தார். குறைத்தால் மற்றவர்கள் வந்தார்கள். மதியச் சாப்பாட்டுக்குப் பிறகும் பேச்சு தொடர்ந்தது, திருகும் சுற்றிக்கொண்டே இருந்தது. மணி மூன்றாகிவிட்டது.

அப்போதுதான் அவனுக்கு மூளை வேலை செய்தது. கீழே கிடங்குக்கு ஓடிக் கனத்த ரப்பர் பட்டை எடுத்துவந்து, குழாய் சுவரைத் தொடும் இடத்திலெல்லாம் சுற்றிக் கட்டினான். தெறிக்காத அளவுக்குத் திருகைத் திறந்துவிட்டான். கை நிறையக் காகிதத்தைப் போட்டு அழுத்தினான். அத்தனையும் சத்தமே இல்லாமல் போயிற்று. தன் முதுகைத் தானே தட்டிக்கொள்ளலாம் போலிருந்தது.

மேலாளர் வந்து காது கொடுத்துக் கேட்டார்.

"இதான்யா வேலை. இனிமே நிம்மதியா பேசலாம்," என்று கையெழுத்துப் போட்டார்.

தலைமைக் குமாஸ்தா புத்தகத்தைக் கையில் வாங்கவே இல்லை. "கெடுத்துட்டியேப்பா," என்றார். அவருக்குப் பின்னால் பத்துப் பேர் இழவு வீட்டுக்கு வந்தவர்கள் மாதிரி நின்றார்கள். பிறகு ஒருவர் பின் ஒருவராகக் கூட்ட அறைக்குள் திரும்பிப் போனார்கள்.

பிளம்பர் மாடிப்படியில் உட்கார்ந்துவிட்டான். அழுகையே வந்துவிடும் போலிருந்தது. வாளியோடு வந்த துப்புரவு அக்கா அவனைப் பார்த்து நின்றாள்.

"என்ன தம்பி, மூஞ்சி தொங்கிப்போச்சு?"

"அவ்வளவு காகிதமும் ஒரே அமுக்குல போகுதுக்கா. அப்பவும் கையெழுத்துப் போட மாட்டேங்கிறாங்க. இதுக்கு மேல அதுல என்னதான் போகணும்?"

அக்கா வாளியைக் கீழே வைத்தாள்.

"அதுல என்ன போகுதுன்னு இங்க யாருக்கு கவலை? அந்த சத்தம் கேட்டாத்தான் ஐயா பேச்சு நிக்கும். அதுக்குத்தானே பதினோரு பேரும் முறை வச்சு வந்து அமுக்கிட்டுப் போறாங்க."