வானம் தெளிந்தால் வேலப்பன் இல்லை

இந்தப் பனிக்காலத்தில் ஒரு கோஸ் நாற்றுக்குக்கூடத் தன் கையால் சேலை போர்த்துவதில்லை என்று வேலப்பன் முடிவு செய்தான்.

அவசரத்தில் எடுத்த முடிவில்லை. போன வருஷத்துப் பனிக்காலம் முழுக்க, விறைத்த கையோடு நின்று யோசித்து எடுத்த முடிவு.

மலைமேல் இருக்கும் கவுஞ்சியில் மார்கழி, தை மாதங்களில் ஒரு வழக்கம் உண்டு. சாயங்காலம் வானம் துடைத்துவைத்த பாத்திரம் மாதிரி பளிச்சென்று இருந்தால் அன்றைக்கு உறைபனி விழும். விழுந்தால் இளம் நாற்றெல்லாம் காலையில் வெந்நீர் ஊற்றினாற்போல் கருகிக் கிடக்கும். அதனால் பொழுது சாய்ந்ததும் வேலப்பனும் அவன் மனைவி மகாதேவியும் வீட்டுக்குப் பின்னால் இருக்கும் மேட்டுக்காட்டுக்கு ஏறுவார்கள். நாற்றங்கால் மேல் வளைத்து நட்ட குச்சிகளின் மீது பழைய சேலைகளைப் போர்த்தி, ஓரமெல்லாம் கல் வைப்பார்கள். கல் ஒவ்வொன்றும் ஐஸ் கட்டி.

"இழுங்க... இன்னும் இழுங்க... அம்புட்டு இழுக்காதீங்க!" என்பாள் மகாதேவி.

வேலப்பன் விரலெல்லாம் ஒட்டிக்கொண்டிருக்கிறதா என்று தடவிப் பார்த்துக்கொண்டே வீடு திரும்புவான். காலையில் வெயில் ஏறுமுன் அதே சேலைகளை எடுக்க வேறு வேண்டும். அவை அப்பளம் மாதிரி விறைத்து நிற்கும்.

மேகம் மூடிய நாளில் உறைபனி விழாது. அன்றைக்கு மட்டும் வேலப்பன் மனுஷனாக இருப்பான். ஆறு மணிக்கே கம்பளிக்குள் புகுந்துவிடுவான்.

அப்படி இருக்கையில்தான் செலினா ஆள் தேடினாள். ஊர் எல்லையில் விருந்தினர் விடுதி நடத்துகிறவள். குளிர்கால ராத்திரிகளில் விருந்தினரைக் கூட்டிக்கொண்டு நடந்து, உச்சிப்பாறையில் நிறுத்தி, நட்சத்திரங்களைக் காட்டி, பத்திரமாகத் திரும்பக் கொண்டுவந்து சேர்க்க வேண்டும். அதுதான் வேலை.

"ஒண்ணே ஒண்ணு, வேலப்பன்," என்றாள் செலினா. "வானம் கிளியரா இருக்கற அன்னைக்கு மட்டும்தான் வாக். மேகம் போட்டா லீவு."

வேலப்பனுக்கு உடம்பு சிலிர்த்தது. வானம் தெளிந்தால் உறைபனி, ஆனால் அன்றைக்கு அவன் வேலையில் இருப்பான். மேகம் போட்டால் அவன் வீட்டில் இருப்பான், ஆனால் அன்றைக்குப் பனியே இல்லை. இப்படி இரண்டு பக்கமும் பொருந்துகிற உத்தியோகம் கவர்மெண்டில்கூடக் கிடையாது.

வீட்டில் மகாதேவி பூண்டுகளைத் தாளோடு சேர்த்து முடிந்துகொண்டிருந்தாள். அடுப்புக்கு மேலே புகையில் தொங்கவிடுவதற்காக.

"மகா, ஒரு சோலி கெடச்சிருக்கு."

"என்ன சோலி?"

"நட்சத்திரம் காட்டுறது."

"யாருக்கு?"

"கெஸ்ட்டுக்கு."

"ஏன், அவுங்க ஊர்ல நட்சத்திரம் இல்லையாக்கும்?"

"இருக்கும் புள்ள. லைட்டு வெளிச்சத்துல தெரியாது."

"சரி, என்னைக்குப் போகணும்?"

வேலப்பன் தொண்டையைச் செருமினான். "வானம் தெளிஞ்ச அன்னைக்கு."

மகாதேவியின் கை நின்றது. அவள் நிமிர்ந்து அவனைப் பார்த்தாள். அவன் சுவரிலிருந்த காலண்டரைப் பார்த்தான்.

"நல்ல சோலிதான். போயிட்டு வாங்க," என்றாள்.

அவ்வளவுதான். சண்டை பிடிப்பாள் என்று வழியெல்லாம் பதில் தயாரித்துக்கொண்டு வந்திருந்தான். எல்லாம் வீணாகிவிட்டது. கொஞ்சம் விவரமானவனாக இருந்தால் இந்த இடத்தில் பயந்திருப்பான். வேலப்பன் சந்தோஷப்பட்டான்.

டார்ச்சுக்குச் சிவப்புக் கண்ணாடித்தாள் சுற்றினான். வெள்ளை வெளிச்சம் பட்டால் கண் இருட்டுக்குப் பழகாதாம். போனை வானத்துக்கு நீட்டினால் நட்சத்திரத்தின் பெயர் வரும்படி செலினா செய்து கொடுத்தாள். முதல் நாள் போனில் சார்ஜ் இல்லை. தூரத்தில் சிவப்பாக மினுங்கிய ஒன்றைச் செவ்வாய் என்று காட்டினான். எல்லோரும் கும்பிடாத குறையாகப் பார்த்தார்கள். அது பக்கத்து ஊர் செல்போன் டவர் என்பது இறங்கி வரும்போது அவனுக்கே தெரிந்தது. சொல்லவில்லை. சந்தோஷமாக இருக்கிறவர்களை எதற்குக் கலைக்க வேண்டும்?

ஆனால் கற்றுக்கொண்டான். வரிசையாக நிற்கும் மூன்று நட்சத்திரம், அதற்குப் பக்கத்தில் சிவந்த திருவாதிரை, கொத்தாகக் கார்த்திகை என்று தடுமாறாமல் காட்டினான். ஏறி இறங்கி நடந்ததில் உடம்பு கதகதவென்று இருக்க, வீடு வந்து சேருவான். மகாதேவி அடுப்படியில் இரண்டு கைகளையும் நெருப்புக்கு நேரே நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். பக்கத்து வீட்டு வீரம்மாளைக் கூட்டிக்கொண்டு சேலை போர்த்திவிட்டு வந்திருப்பாள்.

ஒரு வார்த்தை குறை சொல்ல மாட்டாள். நட்சத்திரத்தைப் பற்றித்தான் கேட்பாள்.

"நின்னுக்கிட்டே அண்ணாந்து பாத்தா கழுத்து வலிக்காதாங்க?"

"வலிக்கத்தான் செய்யும். படுத்துப் பாத்தாத்தான் சொகம். பாறையில எங்கிட்டுப் படுக்க?"

"மரம் மட்டை இல்லாத மேடா இருக்கணுமோ?"

"ஆமா. நாலு பக்கமும் வானம் தெரியணும்."

"வெளக்கு வெளிச்சம்?"

"கூடவே கூடாது."

"ம்," என்பாள் மகாதேவி.

பெண்டாட்டி தன் தொழிலில் இவ்வளவு அக்கறை காட்டுகிறாளே என்று அவனுக்கு நெஞ்சு நிறைந்துவிடும்.

பொங்கலுக்கு முந்தின வாரம் வேலப்பன் தலையில் இடி விழுந்தது. உச்சிப்பாறை வழியில் காட்டுமாடு கூட்டமொன்று வந்து தங்கிவிட்டது. இருட்டின பிறகு அந்தப் பக்கம் ஒருத்தரும் போகக் கூடாது என்று வனத்துறையில் சொல்லிவிட்டார்கள்.

"நடையை நிறுத்திர வேண்டியதுதான் போல, வேலப்பன்," என்றாள் செலினா.

வேலப்பன் வீட்டுக்கு வந்து தலையில் கை வைத்து உட்கார்ந்தான். வெளியே வானம் கண்ணாடியாகக் கிடந்தது. உள்ளே மூலையில் சேலை மூட்டை. அது தன்னையே பார்ப்பதுபோல் அவனுக்குத் தோன்றியது.

"இதுக்குப் போயி ஏன் இப்பிடி ஒடிஞ்சு ஒக்காந்திருக்கீங்க?" என்றாள் மகாதேவி. "நம்ம மேட்டுக்காடு கெடக்குல்ல? மரமில்ல, வெளக்கில்ல. நாலு பக்கமும் வானந்தான். வைக்கோலப் பரப்பி மேல துணி விரிச்சுத் தாரேன். படுத்துக்கிட்டே பாக்கட்டும். விடுதியில இருந்து நடந்து வர்றதுக்கும் சரியா இருக்கும்."

வேலப்பனுக்குக் கண் கலங்கிவிட்டது. ஓட்டமாகச் செலினாவிடம் போனான்.

"அக்கா, ராத்திரி தூங்காம யோசிச்சேன்," என்றான். மணி அப்போது சாயங்காலம் நாலுதான். "நம்ம மேட்டுக்காட்டுலயே வச்சுக்கிருவோம். வைக்கோல் மெத்தை, மேல வானம். எப்பிடி?"

"அட, பிரமாதம்! யார் யோசனை?"

"நம்ம யோசனைதான்க்கா."

அன்று ஏழு மணிக்கு விருந்தினர்களோடு மேட்டுக்காட்டுக்கு ஏறினான். திண்டுக்கல்லிலிருந்து வந்த கித்தேரியம்மாள் முன்னால் நடந்தார். ரிட்டயர்டு கணக்கு டீச்சர். எதையும் இரண்டு தடவை கேட்டுத்தான் நம்புவார். மப்ளர், குல்லாய், அதற்கு மேல் ஒரு துண்டு என்று மூக்கு மட்டும் தெரிய அவருடைய கணவர் பின்னால் வந்தார். அவர்களுக்குப் பின்னால் கோயம்புத்தூர்க் குடும்பம் ஒன்று.

மேட்டில் வைக்கோலும் அதன் மேல் சுத்தமாகத் துவைத்த துணிகளும் விரித்துக் கிடந்தன. எல்லோரும் படுத்தார்கள். வேலப்பன் நடுவில் நின்று வானத்தை எடுத்துக் கொடுத்தான். அன்றைக்குத் திருவாதிரை அடுப்புக் கங்கு மாதிரி எரிந்தது. கார்த்திகையின் ஆறு நட்சத்திரங்களையும் கித்தேரியம்மாள் எண்ணினார். சரிபார்க்க இன்னொரு தடவை எண்ணினார். கீழே எங்கோ ஒரு நாய் குரைத்து ஓய்ந்தது.

மகாதேவி சுக்குக் காப்பியோடு வந்தாள். எல்லோரும் எழுந்து டம்ளரைக் கையில் வாங்கிக்கொண்டதும் குனிந்து துணிகளை ஒவ்வொன்றாக எடுத்து உதறினாள். சிவப்பு டார்ச் வெளிச்சத்தில் வேலப்பன் பார்த்தான். பச்சைக் கட்டம் போட்டது ஒன்று. ஓரம் கிழிந்த மஞ்சள் ஒன்று. அவன் விரல்களுக்கு மிகவும் பழக்கமான சேலைகள்.

"இத எங்க கொண்டு போறே?" என்று கேட்டார் கித்தேரியம்மாள்.

"நாத்துக்குப் போத்தணும்மா. இன்னைக்குப் பனி விழும்."

"விழும்னு எப்படித் தெரியும்?"

மகாதேவி வேலப்பனைக் கை காட்டினாள். "எனக்கென்னம்மா தெரியும்? அதெல்லாம் அவுகதான் வெவரமாச் சொல்லுவாக."

விளக்கம் கேட்டுவிட்டால் வேலப்பனால் சும்மா இருக்க முடியாது. ஒரு மாதமாக அவனுக்கு அதுதான் தொழில்.

"அது என்னன்னா டீச்சரம்மா, பகல்ல மண்ணு வெயில வாங்கி வச்சுக்கிரும். மேகம் இருந்தா அதுவே பூமிக்குப் போர்வை மாதிரி, சூடு தங்கும். இன்னைக்கு மாதிரி வானம் தெளிவா இருந்துச்சுன்னா சூடெல்லாம் மேல போயிரும். பனி ஒறஞ்சுரும். நாத்துக் கருகிரும். அதனால போத்தியே ஆகணும்."

"ஆக, நட்சத்திரம் தெரியற ராத்திரிதான் பனி விழற ராத்திரி?"

"கரெக்டு!"

"நட்சத்திரம் தெரியற ராத்திரியெல்லாம் நாத்துக்குப் போத்தணும்?"

"போத்தியே ஆகணும்!"

கித்தேரியம்மாள் காப்பியை ஒரு வாய் குடித்தார்.

"அந்த ராத்திரியெல்லாம் நீ எங்களோட வந்துடுறியேப்பா. அப்போ யார் போத்துறது?"

மேட்டுக்காட்டில் திடீரென்று குளிர் அதிகமாயிற்று. வேலப்பன் வானத்தைப் பார்த்தான். அவ்வளவு நட்சத்திரத்தில் ஒன்றுகூட உதவிக்கு இறங்கி வரவில்லை.

"அதைத்தாம்மா நானும் மார்கழி பொறந்ததுல இருந்து யோசிச்சுக்கிட்டே இருக்கேன்," என்றாள் மகாதேவி மெதுவாக.

மப்ளருக்குள்ளிருந்து முதன்முதலாகக் குரல் வந்தது. கித்தேரியம்மாளின் கணவர். "தம்பி, நானும் முப்பத்தெட்டு வருஷமா இப்படித் தப்பிக்கத்தான் முயற்சி பண்றேன். நடக்காது. ஒரு தலைப்பைப் பிடி."

பிறகு ஒரே கலகலப்பு. கோயம்புத்தூர்க் குடும்பம் ஒரு சேலையை ஆளுக்கொரு மூலை பிடித்தது. கித்தேரியம்மாள் கல் வைத்தார், நேர்கோட்டில். மகாதேவி காப்பி டம்ளரைப் பிடித்தபடி வரப்பில் உட்கார்ந்து, "இழுங்க... இன்னும் இழுங்க..." என்றாள். அத்தனை பேரில் யாருக்கும் கை விறைக்கவில்லை, வேலப்பனைத் தவிர.

"நைட் வாக்கில இதுதான் பெஸ்ட்!" என்று விருந்தினர் எல்லோரும் செலினாவிடம் சொல்லிவிட்டார்கள். மறுநாளிலிருந்து நட்சத்திரம் அரை மணி, நாற்றுக்குப் போர்த்துவது ஒரு மணி என்றாயிற்று. விடியலில் சேலை எடுப்பதையும் பார்க்க வேண்டும் என்று ஒரு கூட்டம் கிளம்பியது. அதற்கும் வேலப்பன்தான் கைடு. செலினா அவனைப் பார்க்கும்போதெல்லாம், "எப்படித்தான் உனக்கு இந்த மாதிரி யோசனையெல்லாம் வருதோ!" என்பாள். அவன் சிரித்துவைப்பான். நாற்றங்காலில் ஒரு நாற்றுகூடக் கருகவில்லை.

தை பாதியில் ஒரு நாள், தேனிப் பக்கமிருந்து மேகம் திரண்டு வந்தது. வேலப்பன் வாசலில் நின்று, ஊருக்கு வந்த மாமனைப் பார்ப்பதுபோல அதைப் பார்த்தான். நட்சத்திரமில்லை. பனியில்லை. சேலையில்லை. ஆறு மணிக்கே கம்பளிக்குள் புகுந்தான்.

கண் செருகும் நேரத்தில் வாசலில் செருப்புச் சத்தம். நிறையச் செருப்பு.

"ஏங்க, வெரசா எந்திரிங்க. கெஸ்ட்டு வந்திருக்காக."

"ஏ மகா, மேகம் போட்டிருக்கு! லீவு!"

"நட்சத்திரத்துக்குத்தாங்க லீவு. பூண்டுக்கு ஏது லீவு? அம்புட்டும் முடியாமக் கெடக்கு. மேகம் போட்ட அன்னைக்கு வீட்டுக்கு வந்து பூண்டு முடியுறதப் பாக்கட்டும், நம்ம வீட்டுக்காரரு எடுத்துச் சொல்லுவாருன்னு செலினாக்காகிட்டச் சொன்னேன். அவுகளுக்கு ஒரே சந்தோசம்."

வேலப்பன் கம்பளியிலிருந்து தலையை மட்டும் நீட்டினான். வாசலில் சிரித்த முகங்கள். எல்லோர் கையிலும் போன் தயாராக இருந்தது.

மகாதேவி ஒரு கூடைப் பூண்டை அவன் முகத்துக்கு நேரே வைத்தாள்.

"யாரு யோசனைன்னு கேட்டாக. வழக்கம்போல உங்க பேரைத்தான் சொல்லியிருக்கேன்."