நாரையாருக்கு இன்னொரு டேக்

ஒரு காட்டில் ஒரு குளம் இருந்தது. இப்போதும் இருக்கிறது, வேலிக்கு உள்ளே. வேலி போடச் சொல்லிக் கையெழுத்து வைத்தவர் அன்றைய நீர்த்துறை அமைச்சர் நாரையார். பதவி போன மறுநாளே அவருக்கு மனசாட்சி வந்துவிட்டது. கேமரா இருந்தால் மட்டும் வருகிற ரகம்.

அந்த வேலியைப் பற்றி இதுவரை ஒன்பது ஆவணப்படங்கள். ஒன்பதிலும் நாரையார். அதே துண்டு, அதே பெருமூச்சு, "அந்தக் குளம் என் தாய்மடி" என்னும்போது அதே இடத்தில் உடைகிற குரல்.

முள்ளம்பன்றி வேதநாயகிக்கு அதைக் கேட்டாலே பற்றிக்கொண்டு வரும். மூன்று குட்டிகளோடு தினமும் இரண்டு குன்று தாண்டித் தண்ணீருக்குப் போகிறவள் அவள். கோடை முற்றினால் கடைக்குட்டி தாங்காது.

பத்தாவது படம் எடுக்க இயக்குநர் கீரி வந்தார். வேதநாயகி ஒரு மணி நேரம் கொட்டித் தீர்த்தாள்.

"பிரமாதம்க்கா. இப்போ பேசாம வேலியோரமா நடங்க. தூரமாப் பாருங்க. அது மேல நாரையார் குரல் ஓடும்."

"ஏன், என் குரலுக்கு என்ன கேடு?"

"முகம் தெரிஞ்ச ஆள் பேசினாத்தான்க்கா பாக்கறாங்க."

"கையெழுத்துப் போட்டதே அந்த ஆளுதானேய்யா!"

"அதனாலதான் அவர் அழுதா எடுபடுது."

கடைசிக் காட்சியில் நாரையார் குளத்தில் நின்று அழ வேண்டுமாம். கீரி சிங்கத்தின் அலுவலகத்தில் நாலு படிவம் நிரப்பி, மூன்று வரிசையில் நின்று, அனுமதிச் சீட்டோடு வந்தார். வேதநாயகி அதைப் பிடுங்கிப் படித்தாள். 'படப்பிடிப்பு முடியும்வரை வேலிக் கதவு திறந்திருக்கலாம்.' தேதி போட ஒரு அதிகாரிக்கும் தோன்றவில்லை.

குட்டிகளைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனாள். "நாங்க பின்னாடி தண்ணி குடிக்கிறோம் தம்பி. பாதிக்கப்பட்டவங்க இல்லாம என்ன படம்?"

நாரையார் தொண்டையைச் செருமினார். "அந்தக் குளம் என் தாய்..."

வேதநாயகி உடம்பைச் சிலிர்த்தாள். முட்கள் கலகலவென்றன.

"கட்! சத்தம் விழுந்துடுச்சு. மறுபடி எடுப்போம்."

மறுநாள் மான் தும்மியது. அதற்கு மறுநாள் யானைக்கு இருமல். செய்தி பரவி, காடே பின்னணியில் நின்று குடித்தது. காவலுக்கு இருந்த செந்நாய்கள் சீட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு உட்கார்ந்துவிட்டன.

மூன்றாம் வாரம் வேதநாயகி அசந்த நேரம் பார்த்து ஒரு டேக் சுத்தமாக முடிந்துவிட்டது. ஒரு தும்மல் இல்லை. நாரையாரின் கன்னத்தில் ஒரே ஒரு துளி, அளவாக.

"ஓகே! பேக்கப்!" என்றார் கீரி. செந்நாய்கள் பூட்டை எடுத்தன. கடைக்குட்டி அப்போதுதான் வாயை வைத்திருந்தது. வேதநாயகி ஓடிவந்தாள். திட்டுவதற்குத்தான் வாயைத் திறந்தாள். வந்தது வேறு.

"ஐயா, நல்லாத்தான் இருந்தது. ஆனா நேத்து இடது பக்கம் திரும்பி அழுதீங்களே, அதுல இன்னும் அம்சமா இருந்தீங்க."

நாரையார் கழுத்தை நீட்டினார். "நிஜமாவா?"

"சத்தியமா."

"கீரி, கேமராவைப் பிரிக்காதே. எனக்கு இன்னும் முழு துக்கம் வரலை."

செந்நாய்கள் பூட்டைக் கீழே வைத்தன. படம் இன்னும் முடியவில்லை.

நீதி: ஊரைக் கெடுத்தவரிடம் நியாயம் கேட்டுத் தொண்டையை வறட்டிக்கொள்ளாதீர்கள். அழுகை பிரமாதம் என்று சொல்லிவிட்டு, குடத்தை நிரப்புங்கள்.