மைக் ராஜாவும் இருநூற்று ஐந்தாம் நம்பர் பஸ்ஸும்

ஒரு ஊரில் ஒரு ராஜா இருந்தாராம். இருந்துவிட்டுப் போகட்டும். அதே ஊர் பஸ் நிலையத்தில் ஒரு மைக் இருந்தது. அதற்கு ராஜா நான்.

எந்த நம்பர் பஸ் எந்த நடைமேடையில் நிற்கிறது என்று அறிவிப்பது என் வேலை. நம்பரை இங்கிலீஷில் சொல்வது நிலைய வழக்கம். மற்றவர்கள் சொன்னால் அது வெறும் நம்பர். நான் சொன்னால்தான் இங்கிலீஷ். 'டூ ஹண்ட்ரட் அண்ட் ஃபைவ்' என்று நடுவில் அந்த 'அண்ட்' விழும்போது, ஓடிவருகிறவர்கள்கூட ஒரு நொடி நின்று ரசித்துவிட்டுத்தான் பஸ்ஸைத் தவறவிடுவார்கள்.

இங்கிலீஷில் சந்தேகம் என்றால் என் ஜன்னலுக்குத்தான் வருவார்கள். பகல் பன்னிரண்டு மணி ஏ.எம்.மா, பி.எம்.மா? சைபரை 'ஜீரோ' என்பதா, 'ஓ' என்பதா? எல்லாவற்றுக்கும் ஜன்னல் கம்பி வழியே தீர்ப்பு உண்டு.

இப்பேர்ப்பட்டவன் வழியில்தான் எங்கள் மேலாளர் குறுக்கே வந்தார். வாரத்துக்கு மூன்று சுற்றறிக்கை விடுவதால் அவருக்குப் பெயரே 'சுற்றறிக்கை'. அந்த வாரத்து மூன்றாவது இது: 'திங்கட்கிழமை முதல் பஸ் எண்களை ஒவ்வோர் இலக்கமாகத் தனித்தனியே சொல்லவும். தேர்ட்டீனும் தேர்ட்டியும் கடைசி நடைமேடையில் ஒன்றுபோலக் கேட்கின்றன. மீறுபவர் டயர் கிடங்குக்கு மாற்றப்படுவார்.'

டூ, ஜீரோ, ஃபைவ்! நம்பரா அது? கோழிக்குத் தானியம் தூவுகிற மாதிரி!

என் மனைவி செல்போன் பழுது பார்க்கும் கடையில் வேலை செய்கிறாள். செத்த போனைப் பேச வைப்பாள். வீட்டில் என்னைப் பேசாமல் வைப்பாள். அன்று மட்டும் நான் விடவில்லை.

"உயிரே போனாலும் அந்த 'அண்ட்'டை விடமாட்டேன்!"

"உயிர் எங்கயும் போகாதுங்க. நீங்கதான் டயர் கிடங்குக்குப் போவீங்க. அந்தக் கரிச் சட்டையை யாரு துவைக்கிறதாம்?"

"திங்கட்கிழமை மைக் பக்கமே போகமாட்டேன். எதிர்த்த டீக்கடையில உட்காருவேன். நிலையம் ஊமையா நிக்கட்டும். சுற்றறிக்கை ஓடிவந்து என்னைக் கெஞ்சணும்."

அவள் தன் போனைக் கையில் எடுத்தாள். "அப்படி என்னதான் சொல்லுவீங்க மைக்ல? ஒரு தடவை சொல்லிக் காட்டுங்களேன்."

கேட்க வேண்டுமா? "பயணிகளின் கனிவான கவனத்திற்கு! பஸ் நம்பர் டூ ஹண்ட்ரட் அண்ட் ஃபைவ்! நடைமேடை நம்பர் ஃபோர்!" பக்கத்து வீட்டுக்காரர் சுவரைத் தட்டினார்.

"அடடா! இன்னொரு தடவை," என்றாள், தன் போனை என் பக்கம் தள்ளி வைத்துவிட்டு. கல்யாணமான நாளிலிருந்து அவள் என்னை இரண்டாம் தடவை பேசச் சொன்னது அன்றுதான்.

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. பாத்திரம் தேய்த்துக்கொண்டே கூப்பிட்டாள்.

"என்னங்க, கையெல்லாம் சோப்பு. கேஸ் சிலிண்டர் பதிவு பண்ணணும். லைன்ல ஒரு பொண்ணு இருக்கா. புத்தகத்துல இருக்கிற நம்பரைப் படிங்க. நிறுத்தி நிறுத்திப் படிங்க, அவளுக்குச் சரியா கேக்கலையாம்."

"த்ரீ, டபுள் ஃபோர்..."

"டபுள் வேண்டாங்க. தனித்தனியா."

"டபுள் ஃபோர்னு சொல்றதுதாண்டி சரியான இங்கிலீஷ்!"

"சரியானது அவளுக்குப் புரியலையாம்."

படித்தேன். முடித்ததும் அவள் முகம் சுருங்கியது.

"ஏழே வரலையே."

"ஏழு எதுக்கு?"

"அது வந்து... இன்னொரு நம்பர் கேக்கறா. அத்தை நம்பரைக் குடுங்க. அதுல ஏழு இருக்குமே."

என் அம்மாவின் நம்பரைச் சொன்னபோது குரல் தானாகக் குழைந்தது. 'நீ மட்டும் தனித்தனியாகச் சொல்லலாமா?' என்று கேட்பீர்கள். போன் நம்பர் வேறு, பஸ் நம்பர் வேறு. போன் நம்பரை எவன் கோடி, லட்சம் என்று சொல்கிறான்? வழக்கு தெரிந்தவன் நான்.

திங்கட்கிழமை காலை ஒன்பது மணி. டீக்கடை பெஞ்சில் கால் மேல் கால் போட்டு உட்கார்ந்தேன். நிலையம் ஊமையாக நின்றது. ஆகா, என்ன நிம்மதி!

திடீரென்று ஒலிபெருக்கி கரகரத்தது.

"பயணிகளின் கனிவான கவனத்திற்கு! பஸ் நம்பர் ஒன்... செவன்... சிக்ஸ்..."

டீக்கடைக்காரர் பாய்லர் பக்கமிருந்து திரும்பினார். "அண்ணே, நீங்க இங்க டீ குடிக்கிறீங்க. அப்ப அங்க பேசறது யாரு?"

என் குரலேதான்; அந்தச் 'செவன்' மட்டும் அம்மா நம்பரில் குழைந்த மாதிரியே குழைந்திருந்தது. எழுந்து ஓடினேன்.

அறிவிப்பு அறையில் மேலாளரும் என் மனைவியும். கடையிலிருந்து அவள் கொண்டுவந்த பழைய போன் ஒன்றிலிருந்து மைக் பெட்டிக்குள் ஒரு கம்பி போயிருந்தது.

"வாங்க தம்பி!" சுற்றறிக்கை என் கையைப் பிடித்துக் குலுக்கினார். "தொண்டை கட்டிப்போச்சுன்னு வீட்டம்மா சொன்னாங்க. அப்படியும் எல்லா நம்பரையும் முன்னாடியே பேசி அனுப்பியிருக்கீங்களே! தனித்தனியா, முத்து முத்தா! இதுக்குப் பேருதான் கடமை!"

"சார், நான் அப்படிச் சொல்லவே..."

"பேசாதீங்க! தொண்டை என்னத்துக்கு ஆகும்?"

"டூ ஹண்ட்ரட் அண்ட்..."

"ஐயோ பாவம், ஜுரத்துல உளறறாரு. ஒரு மாசம் வாயே திறக்காதீங்க தம்பி. நேரம் வந்தா அந்தப் போனே சொல்லிக்கும். நீங்க பக்கத்துல சும்மா உட்காருங்க." அவர் போய்விட்டார்.

நான் மனைவியிடம் நெஞ்சை நிமிர்த்தினேன். "இதோ பாரு. நான் தோக்கலை. பஸ் நம்பரைத் தனித்தனியா நான் சொல்லவே இல்லை. இனியும் சொல்லமாட்டேன்!"

"சொல்லவே வேண்டாங்க," என்று கைப்பையைத் தோளில் மாட்டினாள். "எனக்குக் கடைக்கு நேரமாச்சு."

"போ. உன் பஸ் எந்த நடைமேடைன்னு என்னைக் கேக்காம எப்படிப் போறேன்னு பாக்கறேன்."

ஒலிபெருக்கியில் என் குரல், நான் கேட்கக் கேட்கவே, அவள் பஸ்ஸின் நம்பரையும் நடைமேடையையும் தெளிவாகச் சொன்னது.

"உங்களைவிட அவரு நல்லா சொல்றாருங்க," என்று சொல்லிவிட்டு, அவர் சொன்ன நடைமேடைக்கே நடந்து போய்விட்டாள்.