பனியில் போன பந்து

பந்து போன திசையில் பனிமூட்டம்தான் இருந்தது. ஏரியிலிருந்து மதியமே ஏறி வந்து பேஸ்பால் மைதானத்தில் உட்கார்ந்துவிட்டது. நடுவர் விரலைச் சுழற்றிய பிறகுதான் அது வேலிக்கு அப்பால் விழுந்த ஹோம் ரன் என்று அடித்த வெண்டல் ப்ரூகருக்கே தெரிந்தது.

சின்ன லீக்கில் ஊர் ஊராக பஸ்ஸில் அலைந்து, முன்மண்டை வழுக்கை விழுந்த வயதில், பெரிய லீக்கில் அவனுக்கு முதல் ஹோம் ரன். வழக்கமான ஆட்டக்காரனுக்குக் கணுக்கால் சுளுக்கு. அதனால் இன்று ஒரு நாளைக்கு மட்டும் இவனைக் கூப்பிட்டிருந்தார்கள். நாளை மறுபடியும் பஸ்தான்.

ஒரு சுற்று ஓடி முடித்து, அணி ஆட்டக்காரர்கள் உட்காரும் டக்அவுட்டுக்குள் குதித்தான். ஒருவரும் திரும்பவில்லை.

வெண்டல் சிரித்துக்கொண்டான். புது ஆள் முதல் ஹோம் ரன் அடித்தால் கண்டுகொள்ளாத மாதிரி நடித்துவிட்டு, அப்புறம் மேலே விழுந்து கட்டிக்கொள்வது பழைய வழக்கம்.

காத்திருந்தான். பந்து கண்ணுக்குத் தெரியவில்லை என்று நடுவர்கள் ஆட்டத்தை நிறுத்திவைத்தார்கள். கோச் அவர்களிடம் போய் ஏதோ பேசிவிட்டு வந்தார். அப்போதும் யாரும் கட்டிக்கொள்ளவில்லை.

"டேய், போதும்டா நடிப்பு!"

பக்கத்திலிருந்த சக ஆட்டக்காரன் மத்தியாஸின் உள்ளங்கையிலிருந்து சூரியகாந்தி விதைகளை அள்ளி வாயில் போட்டுக்கொண்டான். மத்தியாஸ் வெறுங்கையைப் பார்த்தான். பெருமூச்சு விட்டான். எழுந்து உள்ளே போய்விட்டான்.

"கோச், நான் அடிச்சதை நீங்க பாத்தீங்கல்ல?"

கோச்சின் பார்வை அவனைத் தாண்டிப் பனிக்குள் போயிற்று. தொப்பியைக் கழற்றி, இழவு வீட்டில் நிற்பவர்போல நெஞ்சோடு பிடித்துக்கொண்டார்.

வெண்டலுக்கு அப்போதுதான் நினைவு வந்தது. ஆட்டத் தொடக்கத்தில் ஒரு பந்து அவன் ஹெல்மெட்டில் மோதியிருந்தது. விழுந்தான். எழுந்தான்.

எழுந்தானா?

நாடி பிடித்துப் பார்த்தான். துடிப்பே இல்லை. கையுறையைக் கழற்றாதது அவனுக்கு உறைக்கவில்லை. குளியலறைக்கு ஓடிக் கண்ணாடியில் முகத்தைத் தேடினான். யாரோ வெந்நீரில் குளித்துவிட்டுப் போன ஆவியில் கண்ணாடி வெள்ளையாக இருந்தது. முகம் இல்லை.

அலறிக்கொண்டு மைதானத்துக்கே திரும்பினான். டக்அவுட் காலி. கூட்டமும் காலி. விளக்குகள் மட்டும் பனிக்குள் எரிந்துகொண்டிருந்தன.

"யாராவது இருக்கீங்களா?"

"இருக்கீங்களா?" என்று பனி கேட்டது.

உடை மாற்றும் அறையில் சலவை வேலை பார்க்கும் லூர்டெஸ் அழுக்குச் சட்டைகளை அள்ளிக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து நேராக அவன் கண்ணைப் பார்த்தாள்.

"என்ன தம்பி, பேயறைஞ்ச மாதிரி நிக்கிறே?"

"அக்கா... நான் உங்க கண்ணுக்குத் தெரியறேனா? அப்ப நீங்களும் செத்துட்டீங்களா?"

ஈரத்துண்டால் முதுகில் ஒன்று வைத்தாள். வலித்தது. அவனுக்குச் சந்தோஷத்தில் அழுகையே வந்துவிட்டது.

"உயிரோடதான் இருக்கேன்! அப்புறம் ஏன்க்கா ஒருத்தனும் என் மூஞ்சியைப் பாக்கல?"

லூர்டெஸும் இப்போது சட்டைகளைப் பார்த்துக்கொண்டு பேசினாள்.

"எப்படிப்பா பாப்பாங்க? பாதி ஆட்டம்கூட முடியல, பனின்னு நடுவர் ரத்து பண்ணிட்டாரு. ரத்தான ஆட்டத்துல நடந்தது எதுவும் கணக்குல வராதாமே... நீ உயிரோடதான் இருக்கே தம்பி, உன் ஹோம் ரன்தான் செத்துப்போச்சு."